செம்பட்டில் இறங்கிய அமெரிக்கா

திருச்சியில் விமானம் பார்க்க வேண்டுமென்றால் விமான நிலையத்துக்குப் போகக் கூடாது. உச்சிப் பிள்ளையார் கோயிலுக்குப் போக வேண்டும். விமான நிலையத்தில் சுவர்தான் தெரியும். மலைக்கோட்டை உச்சியில் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு தெற்கே பார்த்தால், கீழே கடைவீதி, அப்பால் பாலக்கரை, தென்கிழக்கே பொன்மலை, அதையும் தாண்டிப் புதுக்கோட்டை வரை நீளும் செம்மண் வெளி. ஓடுபாதை கிழக்கு மேற்காகக் கிடக்கிறது. அதனால் இறங்குகிற விமானம் பக்கவாட்டில், அவசரமில்லாமல், மூக்கு முதல் வால் வரை முழுசாகக் காட்சி தரும். வடக்கே திரும்பினால் காவிரியும் ஸ்ரீரங்கமும்.

நான் ஏறியது வெயில் தணிகிற நேரம். பக்கத்தில் பள்ளிக்கூடப் பையன்கள் இரண்டு பேர், தூரத்தில் இறங்கிக்கொண்டிருந்தது போயிங்கா ஏர்பஸ்ஸா என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். “வாலுக்கு முன்னாடி பாருடா, முக்கோணமா சரிஞ்சு வருது. போயிங்குதான்” என்றான் ஒருவன். சரியாகத்தான் சொன்னான். 737-இன் செங்குத்து வால் அடியில் அப்படிச் சரிந்துதான் உடலில் சேரும். இன்னொருவன் தோற்க மனமில்லாமல் பிரசாதப் பொட்டலத்தைப் பிரித்தான்.

நான் இந்த ஊருக்கு வந்தது அந்தப் போயிங்கின் முன்னோர்களைத் தேடி. அமெரிக்க விமான வரலாறு என்றால் வாஷிங்டன் அருங்காட்சியகத்தில் இருக்கும் ரைட் சகோதரர்களின் மர விமானம், நிலவுக்குப் போன கலம் என்று ஒரு பளபளப்பான வரிசை நினைவுக்கு வரும். அந்த வரிசைக்குப் பின்னால் இன்னொரு அமெரிக்கா இருக்கிறது. தங்கள் படைக்கு வேண்டாம் என்று ஒதுக்கியது, போர் முடிந்து மிச்சம் வந்தது, பழைய அச்சில் வார்த்து மலிவாக விற்றது. திருச்சிக்கு வந்து சேர்ந்தது பெரும்பாலும் அந்த உபரி அமெரிக்காதான். அதை வைத்துக்கொண்டு இந்த ஊர் செய்த காரியங்கள் சாதாரணமானவை அல்ல.

மலையிலிருந்து இறங்கி, தெப்பக்குளத்தைச் சுற்றி, மெயின் கார்டு கேட் வழியாக நடந்தால் செயின்ட் ஜோசப் கல்லூரி. லூர்து மாதா கோயிலின் ஊசிக் கோபுரம் தெருவுக்கே நிழல் தருகிறது. ராமேஸ்வரத்திலிருந்து வந்த அப்துல் கலாம் இங்கேதான் இயற்பியல் படித்து 1954-இல் பட்டம் பெற்றார். ஸ்ரீரங்கத்தில் பாட்டி வீட்டில் வளர்ந்த ரங்கராஜன், அதாவது சுஜாதா, இதே கல்லூரியில் இதே இயற்பியல். இரண்டு பேரும் அடுத்துப் போய்ச் சேர்ந்த இடமும் ஒன்றுதான்: குரோம்பேட்டை எம்.ஐ.டி. ஒருவர் விமானப் பொறியியல், மற்றவர் மின்னணுவியல். படிப்பை முடித்து சுஜாதா கொஞ்ச காலம் மத்திய அரசின் விமானப் போக்குவரத்துத் துறையில் வேலை பார்த்தார் என்பதை அவருடைய வாசகர்களே பலர் மறந்துவிடுகிறார்கள். விமானத்தை ஓட்டுகிறவர்களைப் பற்றிக் கதைகள் நிறைய; அதைத் தரையிலிருந்து கவனித்துக்கொள்கிறவர்களைப் பற்றிக் குறைவு.

கலாமுக்கு எம்.ஐ.டி.யில் பிடித்துப்போன பொருள், வளாகத்தில் பாடம் நடத்த வைத்திருந்த இரண்டு ஓய்வு பெற்ற விமானங்கள். மற்ற மாணவர்கள் விடுதிக்குப் போன பிறகும் அவற்றின் அருகில் உட்கார்ந்திருந்ததாக ‘அக்னிச் சிறகுக’ளில் சொல்கிறார். பறக்காத விமானத்தைப் பார்த்தே பறப்பதைக் கற்றுக்கொண்ட தலைமுறை அது. விமானப்படையில் விமானியாகச் சேர டேராடூனுக்குப் போனார்; 25 பேரில் ஒன்பதாவதாக வந்தார்; எடுத்தது எட்டுப் பேரை. அந்த ஓர் இடம் கிடைத்திருந்தால் இந்தியாவின் ராக்கெட் கதையில் ஒரு முக்கியமான ஆள் குறைந்திருப்பார்.

1963-இல் அவரை அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள். முதலில் போன இடம் வர்ஜீனியா மாநிலத்தின் லாங்லி ஆய்வு மையம். அமெரிக்க விமானவியலின் மடப்பள்ளி என்று அதைத்தான் சொல்ல வேண்டும். 1903-இல் முதல் விமானத்தைப் பறக்கவிட்ட நாடு, பத்துப் பன்னிரண்டு வருடத்தில் ஐரோப்பாவுக்குப் பின்னால் போய்விட்டது. அந்தப் பயத்தில் 1915-இல் நாக்கா என்ற ஆலோசனைக் குழுவை அமைத்தார்கள். 1917-இல் லாங்லியில் ஆய்வுக்கூடம் கட்டத் தொடங்கினார்கள். காற்றுச் சுரங்கத்தில் இறக்கைகளை வைத்து, எந்த வளைவுக்கு எவ்வளவு தூக்கு விசை, எவ்வளவு இழுவை என்று அளந்தார்கள். அளந்ததை நான்கு இலக்க எண்களாக்கி, உலகத்தில் யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளும்படி அச்சிட்டார்கள். அமெரிக்கா உலக விமானத் துறைக்குக் கொடுத்ததில் எனக்குப் பெரிதாகத் தோன்றுவது எந்த விமானமும் அல்ல, இந்த அட்டவணைகள்தான். பின்னால் வரப்போகும் டகோட்டாவின் இறக்கை அடியில் நாக்கா 2215 என்ற வளைவு இருந்தது. 1958-இல் நாக்காதான் நாசாவாக மாறியது.

லாங்லிக்குப் பிறகு மேரிலாந்தில் கோடார்டு மையம், பிறகு வர்ஜீனியாக் கடற்கரையில் வாலப்ஸ் தீவு. வாலப்ஸில் வரவேற்புக் கூடத்துச் சுவரில் கலாம் ஓர் ஓவியத்தைப் பார்க்கிறார். போர்க்களம், பின்னணியில் ராக்கெட்டுகள் பறக்கின்றன, ராக்கெட் விடுகிற சிப்பாய்கள் வெள்ளைக்காரர்கள் அல்ல. கிட்டப் போனால், அது பிரிட்டிஷாரோடு மோதும் திப்பு சுல்தானின் படை. திப்புவை அவர் நாட்டில் மறந்துவிட்டார்கள், இங்கே சுவரில் மாட்டியிருக்கிறார்கள் என்று கலாமுக்குப் பெருமையும் வருத்தமும். ஹைதரும் திப்புவும் படையோடு வந்து முகாமிட்ட காவிரிக் கரையில்தான் அவருடைய கல்லூரி இருக்கிறது. அந்தப் படையை, உலகை ஒரு சுற்றுச் சுற்றி, வர்ஜீனியாவில் போய் அவர் பார்க்க வேண்டியிருந்தது.

திரும்பி வந்ததும் 1963 நவம்பர் 21, கேரளத்தின் தும்பா. தேவாலயக் கட்டடத்தில் அலுவலகம். இந்திய மண்ணிலிருந்து கிளம்பிய அந்த முதல் ஆய்வு ராக்கெட் நைக்-அப்பாச்சி, நாசா கொடுத்தது. அதன் கீழ் அடுக்கான நைக், அமெரிக்க நகரங்களைக் காக்கச் செய்த நைக் ஏஜக்ஸ் ஏவுகணையின் உந்துகலம்தான். ஏவுகணை பழசாகிப் போனதும் உந்துகலங்களை விஞ்ஞானிகளுக்குத் தள்ளிவிட்டார்கள். ராக்கெட்டை ஏவுமேடையில் தூக்கி வைக்கும்போது கிரேனின் ஹைட்ராலிக் அமைப்பில் கசிவு ஏற்பட்டு, கடைசியில் எல்லோரும் சேர்ந்து கையாலேயே தூக்கி வைத்திருக்கிறார்கள். ராக்கெட்டை ஒருங்கிணைப்பதும் பாதுகாப்பும் கலாமின் பொறுப்பு. மாலையில் ஏவினார்கள், குறையில்லாமல் போனது.

சத்திரம் பேருந்து நிலையத்தில் ஒன்றாம் நம்பர் பஸ்ஸைப் பிடித்து ஸ்ரீரங்கம் போனேன். தெற்கு வாசலில் இறங்கினால் ராஜகோபுரம் முகத்தில் அறைகிறது. 13 நிலை, 236 அடி. எப்போதோ தொடங்கி, அடித்தளத்தோடு நின்று, நூற்றாண்டுகளாக மொட்டைக் கோபுரமாகவே இருந்ததை அகோபில மடத்து 44-ஆவது ஜீயர் முன்னின்று கட்டி, 1987 மார்ச்சில் குடமுழுக்கு நடந்தது. 1903 டிசம்பர் 17-ஆம் தேதி கிட்டி ஹாக் மணலில் ஆர்வில் ரைட் முதல் தடவை பறந்த தூரம் 120 அடி, 12 விநாடி. இந்தக் கோபுரத்தைத் தரையில் படுக்க வைத்தால் அதில் ஏறக்குறையப் பாதி. அன்றைக்கே நான்காவது முறை வில்பர் 852 அடி போனார். பிறகு காற்று அடித்து விமானம் புரண்டு உடைந்தது. அது மறுபடி பறக்கவே இல்லை. அந்தப் பாதிக் கோபுரத் தூரத்திலிருந்து நிலவு வரை அமெரிக்காக்காரன் போய்வந்து 18 வருடம் கழித்துத்தான் நாம் இந்தக் கோபுரத்தை முடித்தோம். அதற்காக வெட்கப்பட வேண்டியதில்லை. இது இன்னும் நிற்கிறது. அவர்கள் நிலவுக்குப் போவதை 1972-இல் நிறுத்திவிட்டார்கள்.

கீழச் சித்திரை வீதியில் திண்ணை வைத்த வீடுகள் குறைந்துவிட்டன. இருந்த ஒன்றில் பனியனும் வேட்டியுமாகப் பெரியவர் ஒருவர் செல்போனில் வாட்ஸ்அப் காணொலி பார்த்துக்கொண்டிருந்தார். பேச்சுக் கொடுத்தேன். பெண் சியாட்டிலில் இருக்கிறாளாம்.

“போயிங்லயா சார்?”

“இல்லை, அமேசான்லே. அந்த ஊர்ப் பேரைச் சொன்னா எல்லாரும் போயிங்கான்னுதான் கேக்கறா.”

அவர் இரண்டு முறை போய் வந்திருக்கிறார். திருச்சியிலிருந்து நேராக அமெரிக்காவுக்கு விமானம் கிடையாது. சென்னைக்கு ரயில், அங்கிருந்து வளைகுடா வழியாக. மர வியாபாரி வில்லியம் போயிங் 1916-இல் தொடங்கிய தொழிற்சாலையைச் சுற்றிப் பார்க்கக் கூட்டிப் போனார்களா என்று கேட்டேன். “கூப்பிட்டா. நான்தான் வரலைன்னுட்டேன். பண்றதைப் பாத்தா அப்புறம் ஏறப் பயமா இருக்கும்” என்றார். இதைவிட நேர்மையான விமானப் பயணக் கருத்தை நான் கேட்டதில்லை.

மறுநாள் காலை ஆட்டோவில் டி.வி.எஸ். டோல்கேட், சுப்பிரமணியபுரம் தாண்டி, புதுக்கோட்டை சாலையில் செம்பட்டு. விமான நிலையம் இங்கேதான். புதிய முனையத்தைப் பிரதமர் 2024 ஜனவரி 2-ஆம் தேதி திறந்து வைத்தார். ஜூனில் பயன்பாட்டுக்கு வந்தது. 1,100 கோடி ரூபாய்க்கு மேல் செலவு. வருடத்துக்கு 44 லட்சம் பேரைத் தாங்கும். முகப்பில் ஸ்ரீரங்கத்துக் கோபுர வண்ணங்கள், உள்ளே கோயில்களையும் காவிரியையும் காட்டும் சுவரோவியங்கள். அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் இந்த இடத்துக்கென்று ஒரு விமான வரலாறு இருப்பதாக ஒரு படம், ஒரு பலகை என் கண்ணில் படவில்லை. வாலப்ஸ்காரன் திப்புவை மாட்டி வைத்த அளவுக்காவது நாம் ஒரு சுவர் ஒதுக்கியிருக்கலாம்.

புறப்பாட்டு வாசலில் நிற்கிற கூட்டத்தைப் பார்த்தால் இந்த நிலையம் யாருக்காக ஓடுகிறது என்பது தெரியும். பெரம்பலூர், புதுக்கோட்டை, காரைக்குடி, டெல்டா கிராமங்களிலிருந்து வேன் பிடித்து வந்த குடும்பங்கள். பெயர் எழுதிக் கயிறு கட்டிய அட்டைப் பெட்டிகள். ஷார்ஜா, துபாய், சிங்கப்பூர், கோலாலம்பூர். சாமான்களை ஏற்றி இறக்கியே பிழைக்கும் குருவிகளும் உண்டு. சுங்கத்துறைக்கும் அவர்களுக்கும் நடக்கும் கண்ணாமூச்சி உள்ளூர்ப் பத்திரிகைகளுக்குத் தினப்படி. இப்போது இங்கே இறங்குவதில் ஐரோப்பிய ஏர்பஸ்களும் நிறைய. வளைகுடாத் தொழிலாளிகளைப் பல ஆண்டுகளாகச் சுமந்தது ஏர் இந்தியா எக்ஸ்பிரஸின் போயிங் 737-800.

737-இன் பிறப்பும் உபரிக் கதைதான். 1967 ஏப்ரலில் முதலில் பறந்தது. புதிதாக உடல் வரையச் செலவாகும் என்று, 1950-களில் செய்த 707-இன் உடல் அகலத்தையே எடுத்துக்கொண்டார்கள். ஏணிவண்டி, சரக்கு தூக்கும் எந்திரம் எதுவும் இல்லாத சிற்றூர்களில் ஆட்கள் கையாலேயே பெட்டி ஏற்ற வேண்டும் என்று தரைக்கு நெருக்கமாக, குட்டையாக நிறுத்தினார்கள். சக்கரங்களை மூடப் பெரிய கதவு வைத்தால் எடை, செலவு என்று அதையும் விட்டார்கள். 737 தலைக்கு மேல் போகும்போது அண்ணாந்து பார்த்தால் மடக்கிய டயர்கள் வட்டமாக வெளியே தெரியும். ஆரம்பத்தில் விற்கவில்லை. பிறகு உலகமே அதை வாங்கியது; 2018-இல் பத்தாயிரமாவது 737 வெளிவந்தது. செம்பட்டு மாதிரி ஊர்களை நினைத்துக் கஞ்சத்தனமாகச் செய்ததுதான் அதன் வெற்றி.

அந்த விமானத்தால் செம்பட்டு இரண்டு தடவை இந்தியா முழுக்கப் பேசப்பட்டது. 2018 அக்டோபர் 12, அதிகாலை. துபாய்க்குக் கிளம்பிய 737, எழும்பும்போது ஓடுபாதைக்கு அப்பாலிருந்த ஆன்டெனாவையும் சுற்றுச் சுவரையும் இடித்துக்கொண்டு பறந்துவிட்டது. அடிவயிறு கிழிந்த நிலையில் மணிக்கணக்கில் பறந்து, கடைசியில் மும்பையில் இறங்கியது. உள்ளே 136 பேர். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ஓடுபாதையின் நீளம் இரண்டரைக் கிலோமீட்டருக்குச் சற்றுக் குறைவு. அதை நீட்ட வேண்டும் என்ற பேச்சு இந்த ஊரில் ஒரு தலைமுறையாக நடக்கிறது.

இரண்டாவது, 2024 அக்டோபர் 11. அன்றைக்கு ஆயுத பூஜை. ஊரில் பஸ், லாரி, ஆட்டோ எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம் வைத்து, வாழைக்கன்று கட்டி, சக்கரத்தில் எலுமிச்சம்பழம் நசுக்கிய நாள். மாலை 5.40 மணியளவில் ஷார்ஜாவுக்குக் கிளம்பிய 737-இல் 141 பயணிகள். எழும்பியதுமே ஹைட்ராலிக் கோளாறு. உடனே இறங்கிவிடலாமே என்று டிவி பார்த்தவர்கள் எல்லாம் கேட்டார்கள். முடியாது. ஷார்ஜா வரைக்குமான எரிபொருள் நிரம்பிய விமானம், இறங்குவதற்கு அனுமதிக்கப்பட்ட எடையைவிடக் கனமாக இருக்கும். ஜம்போ போன்ற பெரிய விமானங்களில் எரிபொருளை வானிலேயே வெளியேற்றக் குழாய் உண்டு. 737-இல் அது கிடையாது. இதுவும் அந்தப் பழைய சிக்கனம். எரித்துத்தான் தீர்க்க வேண்டும். அதனால் புதுக்கோட்டை மாவட்டத்துக்கு மேலே சுற்றிக்கொண்டே இருந்தது.

என்னைக் கூட்டிவந்த ஆட்டோக்காரர் அன்றைக்கு ஸ்டாண்டில் பொரியும் கடலையும் பங்கு போட்டுக்கொண்டிருந்தாராம். “ஆம்புலன்ஸ் ஒண்ணு பின்னால ஒண்ணா ஏர்போர்ட்டுப் பக்கம் போவுது சார். அப்புறம் செல்லுல பாத்தா, நம்ம தலைக்கு மேலதான் சுத்துதுன்னு போட்ருக்கான். எல்லாரும் ரோட்டுக்கு வந்துட்டோம். லைட்டு மட்டும் தெரியுது. அதுல எங்க ஊர்ப் பையன் ஒருத்தன் இருந்தான்.” பையனுடைய அம்மாவிடம் யாரும் விஷயத்தைச் சொல்லவில்லையாம். இரவு 8.15 மணியளவில் விமானம் ஒழுங்காகத் தரை தொட்டது. அந்தப் பையன்?

“மறு வாரமே போயிட்டான் சார். விசா இருக்குல்ல.”

விமான நிலையத்தை ஒட்டிய பகுதிகளில் கொஞ்சம் நடந்தேன். வயர்லெஸ் ரோடு என்று ஒரு சாலை இருக்கிறது. கொட்டப்பட்டில் இலங்கையிலிருந்து வந்தவர்களின் முகாம். பழைய ஓடுதளத்தின் ஒரு துண்டு, போர்க்காலக் கொட்டகை ஒன்றின் சுவர், ஏதாவது கிடைக்காதா என்று பார்த்தேன். டீக்கடைகளில் வயதானவர்களிடம் கேட்டதற்கு, “வெள்ளைக்காரன் காலத்துல பட்டாளம் இருந்துச்சு” என்பதற்கு மேல் போகவில்லை. அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. அந்தப் பட்டாளம் இருந்த காலமே கொஞ்சம்தான்.

1942 ஏப்ரலில் ஜப்பானிய விமானங்கள் கொழும்பு, திருகோணமலை, விசாகப்பட்டினம், காக்கிநாடா ஆகிய இடங்களில் குண்டு போட்டன. சென்னையில் ஏராளமானோர் ஊரைக் காலி செய்தார்கள். தென்னிந்தியா முழுக்க ஓடுதளங்கள் முளைத்தன: தஞ்சாவூர், சூலூர், உளுந்தூர்பேட்டை, கயத்தாறு, செட்டிநாடு, சோழவரம். சோழவரத்தில் பின்னால் கார் பந்தயம் விட்டார்கள். அதுதான் அவற்றில் அதிகம் சந்தோஷப்பட்ட தளம். திருச்சியில் ஏற்கெனவே விமானம் இறங்கிக்கொண்டிருந்தது. டாடாவின் தபால் விமானப் பாதை 1938-இல் சென்னை, திருச்சி வழியாகக் கொழும்பு வரை நீண்டிருந்தது. அந்தத் திருச்சியில்தான் 1942 டிசம்பர் 1-ஆம் தேதி இந்திய விமானப்படையின் 8-ஆவது ஸ்குவாட்ரன் தொடங்கப்பட்டது. தலைவர் ஸ்குவாட்ரன் லீடர் நிரஞ்சன் பிரசாத். ராணுவத்திலிருந்து விமானப்படைக்கு வந்து, பிறகு ராணுவத்துக்கே திரும்பியவர். இருபது வருடம் கழித்து, சீனப் போரில் நேஃபா எனப்பட்ட வடகிழக்கு எல்லையில் 4-ஆவது டிவிஷனுக்குத் தளபதி.

அந்தப் படைக்குக் கொடுத்த விமானம் அமெரிக்க வல்டீ வெஞ்சன்ஸ். பிரான்ஸ் கேட்டதற்காக வரையத் தொடங்கியது. செய்து முடிப்பதற்குள் பிரான்சே விழுந்துவிட்டது. பிரிட்டன் வாங்கிக்கொண்டது. டென்னசி மாநிலத்தில் நாஷ்வில் ஆலையிலும் கலிபோர்னியாவிலும் கட்டினார்கள். அமெரிக்க ராணுவம் தன் பங்குக்கு வந்தவற்றைப் போரில் இறக்கவே இல்லை. துப்பாக்கிப் பயிற்சிக்கான இலக்குத் துணியை இழுத்துப் பறக்க வைத்துக்கொண்டது. பிரிட்டனும் ஐரோப்பாவில் போரில் பயன்படுத்தாமல் இந்தியாவுக்கு அனுப்பிவிட்டது. கைமாறிக் கைமாறி, கடைசியில் பர்மா முனைக்கு.

ஆனால் ஒரு காரியத்தில் அதை மிஞ்ச ஆளில்லை: செங்குத்தாகப் பாய்வது. சாதாரண விமானத்தில் இறக்கையை உடலோடு கொஞ்சம் மேல்நோக்கிச் சாய்த்து மாட்டுவார்கள். நேர்கீழே பாயும்போது அந்தச் சாய்வு விமானத்தைக் குறியிலிருந்து இழுத்துவிடும். வெஞ்சன்ஸில் சாய்வே இல்லை. பத்தாயிரம் அடிக்கு மேலிருந்து 90 டிகிரியில் இறங்கினாலும் குறி பிசகாது. அதற்குக் கொடுத்த விலை, நேராகப் பறக்கும்போது வாலைத் தொங்கவிட்டு மூக்கைத் தூக்கிக்கொண்டு அசிங்கமாகப் போகும். விமானிக்கு முன்னால் பாதி வானம் மறைந்துவிடும். விமானி ஒருவர், பின்னால் பார்த்தபடி துப்பாக்கியோடு இன்னொருவர். வயிற்றில் 500 பவுண்டு குண்டு இரண்டு, இறக்கையில் 250 பவுண்டு இரண்டு. எஞ்சின் ரைட் நிறுவனத்தின் ட்வின் சைக்ளோன். கிட்டி ஹாக் சகோதரர்களின் பெயர் பல நிறுவனங்கள் கைமாறி அந்த எஞ்சினில் வந்து ஒட்டியிருந்தது. ஆர்வில் அப்போது உயிரோடுதான் இருந்தார்.

8-ஆவது ஸ்குவாட்ரன் இங்கிருந்து வடக்கே நகர்ந்து பயிற்சி முடித்து, 1943 டிசம்பரில் சிட்டகாங் அருகே டபுள் மூரிங்ஸ் தளத்துக்குப் போனது. அரக்கான் காடுகளில் பதுங்கு குழிகளும் பாலங்களும்தான் இலக்கு. அடர்ந்த காட்டில் சின்ன இலக்கைத் துல்லியமாக அடிக்க, சொந்த நாட்டுப் படையே ஒதுக்கிய இந்த விமானம் நன்றாகவே பயன்பட்டது. 1944-இல் ஸ்பிட்ஃபயர் வந்ததும் வெஞ்சன்ஸைக் கைவிட்டார்கள். போர்முனைக்குப் போய் ஒரு வருடத்துக்குள் மூட்டை கட்டிய விமானம். செம்பட்டு டீக்கடையில் அதை யார் நினைவு வைத்திருப்பார்கள்?

நினைவில் நின்றது டகோட்டா. அதன் மூல வடிவமான டக்ளஸ் டி.சி.-3 முதலில் பறந்தது 1935 டிசம்பர் 17, ரைட் சகோதரர்கள் பறந்த அதே தேதி. போரில் ராணுவ உருவில் பத்தாயிரத்துக்கும் மேல் கட்டினார்கள். அஸ்ஸாமிலிருந்து இமயத்தைத் தாண்டிச் சீனாவுக்குச் சரக்கு கொண்டுபோனதில் பெரிய பங்கு அதற்கு. போர் முடிந்ததும் இந்தியாவில் அவை மலிந்து கிடந்தன. பெங்களூரின் ஹிந்துஸ்தான் விமானத் தொழிற்சாலை, போரின்போது அமெரிக்கப் படைக்கு விமானம் பழுது பார்த்த இடம், இப்போது அதே டகோட்டாக்களில் இருக்கை பொருத்திப் பயணிகள் விமானமாக மாற்றியது. சுதந்திர இந்தியாவில் புதிது புதிதாக விமான நிறுவனங்கள் முளைத்ததற்கு இந்த மலிவுச் சரக்குதான் காரணம். 1953-இல் எட்டு நிறுவனங்களைச் சேர்த்து இந்தியன் ஏர்லைன்ஸ் அமைத்தபோது கையில் வந்த 99 விமானங்களில் 74 டகோட்டா.

அக்கரையிலும் இதே கதை. 1947 டிசம்பர் 10-ஆம் தேதி ஏர் சிலோனின் முதல் விமானம் ரத்மலானையிலிருந்து காங்கேசன்துறை வழியாகச் சென்னைக்குப் பறந்தது. அது ‘சீதா தேவி’ என்ற டகோட்டா; மற்ற இரண்டும் ‘சுனேத்ரா தேவி’, ‘விஹாரமகா தேவி’. ராமாயணத்தில் போன பாதைக்கு எதிர்த் திசையில் சீதையைப் பறக்கவிட்ட ஆள் யாரோ நகைச்சுவை தெரிந்தவர். பிறகு யாழ்ப்பாணத்துக்கும் திருச்சிக்கும் விமானம் ஓடியது. பட்டுப்புடவைக்கும் சமயபுரத்துக்கும் ஸ்ரீரங்கத்துக்கும் யாழ்ப்பாணத்துப் பலாலி விமான நிலையத்திலிருந்து வந்து போன குடும்பங்கள் உண்டு. இலங்கை உள்நாட்டுப் போர் எல்லாவற்றையும் நிறுத்தியது. பலாலி 2019 அக்டோபரில் மறுபடி திறந்தது. 2025 மார்ச் 30-ஆம் தேதி முதல் இண்டிகோ திருச்சியிலிருந்து யாழ்ப்பாணத்துக்குப் பறக்கிறது. விமானம் ஏ.டி.ஆர்., பிரெஞ்சு-இத்தாலியத் தயாரிப்பு.

நான் திரும்பி முனையத்துக்கு வந்தபோது அந்த விமானத்துக்கான பயணிகள் வாசலில் பெட்டிகளோடு நின்றிருந்தார்கள். தள்ளுவண்டியில் சாய்ந்து நின்ற ஓர் அம்மாவுக்கு எழுபதுக்கு மேல் இருக்கும். மகனோடு ஸ்ரீரங்கம் சேவித்துவிட்டு யாழ்ப்பாணம் திரும்புகிறார். சின்ன வயதில் இதே வழியாக வந்ததுண்டா என்று கேட்டேன்.

“ஓம் தம்பி. அப்ப டகோட்டாவில வந்தனாங்கள். உள்ளுக்கு ஏறினா சரிஞ்சு கிடக்கும். பின்னுக்கால ஏறி, முன்னுக்கு மேல ஏறித்தான் நடக்கோணும். அப்பாவுக்கு மூச்சு வாங்கும்.”

வாலுக்கடியில் சின்னச் சக்கரம் வைத்த விமானம், தரையில் அப்படித்தான் நிற்கும் என்று நான் சொல்லத் தொடங்கினேன். அவருக்கு அதில் அக்கறை இல்லை. எடை பார்க்கும் இடத்தில் மகன் பெட்டியைத் தூக்கி வைப்பதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“அப்ப சாமானோட சேர்த்து எங்களையும் தராசில ஏத்தி நிறுத்தவங்கள். சின்னம்மா வெட்கப்பட்டு ஏறமாட்டன் எண்டு நிண்டவ. இப்ப ஆக்களை நிறுக்கிறேல்லையோ?”

இல்லை என்றேன்.

“நல்லதாப் போச்சு. ரெண்டு கிழமையா இஞ்ச புளியோதரைதான் சாப்பாடு.”